விழுங்கி வைத்த ஆமென்

மலாய் நாட்டு ஒத்தப்பாலம் ரப்பர்த் தோட்டத்தில் செத்தவன் செத்தவன்தானா என்று முடிவு பண்ணுகிற வேலை, டாக்டருக்கும் இல்லாமல் கங்காணிக்கும் இல்லாமல் மதலேனாளின் வாய்க்கு வந்து சேர்ந்தது ஜப்பான்காரன் காலத்தில்தான். அதற்கு முன்னால் அந்த வாய்க்கு ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரே ஒரு வேலை இருந்தது. ராயப்பநாத சாமி லத்தீனில் எதையோ மூக்கால் முனகி முடித்தார் என்பதைக் கோயிலில் முதலில் கண்டுபிடிக்கிறவள் அவள்தான், "ஆமென் சேசு!" என்று அவள் எடுத்துவிட்டால் தகரக்கூரை ஒரு தடவை அதிரும், அதற்கப்புறம்தான் தூங்கிக்கொண்டிருந்த ஆம்பிளைகள் உட்பட மற்ற எண்பது பேரும் "ஆமென் சேசு" என்பார்கள். "இவ சொன்னா சர்வேசுரனுக்கே ஒரு தடவை தூக்கிப்போடும்" என்று அவள் புருஷன் சந்தியாகு ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பான், உள்ளுக்குள் அவனுக்கு அதில் பெருமைதான்.

ஜப்பான்காரன் வந்தான். வெள்ளைக்காரத் தொரை கட்டிப்போட்ட நாயைக்கூட அவிழ்த்துவிடாமல் ஓடிப்போனான். ரப்பர் பால்வெட்டு நின்றது, அரிசி நின்றது, மரவள்ளிக்கிழங்கு மட்டும் நிற்காமல் வந்துகொண்டிருந்தது. காலையில் கிழங்கு, மத்தியானம் கிழங்கு, அப்புறம் கிழங்கை நினைத்துக்கொண்டே படுக்கை. பிறகு லாரி வந்தது. சயாமிலே ரயில் ரோடு போட ஆள் வேண்டும், மூணு மாசம்தான், அரிசிச் சோறு, துணிமணி எல்லாம் உண்டு என்றான். இருபத்திரண்டு பேர் ஏறிப்போனார்கள், திரும்பி வந்தது ஒருத்தன். வந்தவனுக்கு முழங்காலுக்குக் கீழே அழுகியிருந்தது. காடு, காலரா, மூங்கில் தடி, செத்தவனை எண்ணாமல் தள்ளின குழி என்று மூன்று நாள் வாய் ஓயாமல் சொல்லிக்கொண்டே இருந்துவிட்டு நாலாம் நாள் போய்ச் சேர்ந்தான். அதற்கப்புறம் லாரிச் சத்தம் கேட்டால் ஆம்பிளைகள் காட்டுக்குள் ஓடினார்கள், ஓடினவனுடைய பெண்டாட்டியைப் பட்டாளத்தான் வெயிலில் முட்டிபோட வைத்தான், ஓடினவன் தானாகத் திரும்பி வந்து லாரியில் ஏறினான்.

ராயப்பநாத சாமி பெரிய தைரியசாலி ஒன்றும் இல்லை. பல்லிக்குப் பயப்படுவார். மூக்குப்பொடி தீர்ந்துபோனால் பூசை அரை மணி தள்ளிப்போகும். ஆனால் அந்தக் கால் அழுகினவனுக்குச் சாகிற நேரத்து அவஸ்தைப்பூசுதல் கொடுத்துவிட்டு வந்தவர் இரண்டு நாள் மூக்குப்பொடியைத் தொடவில்லை. மூன்றாம் நாள், அடுத்த லாரிக்கான லிஸ்டில் மிக்கேலின் பெயர் இருக்கிறது என்று அவன் பெண்டாட்டி வந்து காலில் விழுந்தபோது, "செத்தவனை எவனும் லாரியில ஏத்த மாட்டான் இல்லியா?" என்று கேட்டார். கோயில் கூட்டிக்கொண்டிருந்த மதலேனாள் விளக்குமாற்றை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தாள்.

மிக்கேல் காய்ச்சலில் செத்தான் என்று அன்றைக்கே சொல்லிவிட்டார்கள். கோயிலுக்கென்று இருந்த ஒரே பொதுப்பெட்டியில் அவனைத் தூக்கிப்போய், பாயோடு குழியில் இறக்கி, மூச்சு விட ஒரு மூங்கில் குழலும் வைத்து, பட்டாளத்தான் போனதும் தோண்டி எடுத்துக் காட்டுக்குள் அனுப்பிவிடுவது என்பது ஏற்பாடு. பட்டாளத்தான் ஆறு பேர் பக்கத்திலேயே நின்று பார்த்தார்கள். கடைசிச் செபத்தின் கடைசி வரிக்கு வந்தபோது சாமிக்குத் தும்மல் வந்தது. ஒன்றா இரண்டா, ஏழு தும்மல்! செபம் முடிந்ததா முடியவில்லையா என்று தெரியாமல் மதலேனாள் வாயைத் திறந்தபடி நின்றாள். அவள் எடுக்கட்டும் என்று மற்றவர்கள் நின்றார்கள். அந்த நேரம் பார்த்து வானம் பொத்துக்கொண்டு ஊற்றியது, எல்லோரும் ஓடிவிட்டார்கள். ஆற்றில் வெள்ளம் வந்து தோட்டத்துக்கு இருந்த ஒரே பாலம் முழுகிப்போனதால் பட்டாளத்தான்கள் கல்லறைக் கொட்டகையிலேயே மூன்று நாள் தங்கினார்கள்.

நாலாம் நாள் அவர்கள் போனதும் ஊர்க்காரர்கள் தோண்டினார்கள். மூங்கில் குழல் நிறையச் சேறு. மிக்கேலின் பெண்டாட்டி அதற்குள் நிஜமாகவே தலைவிரி கோலமாக விழுந்து புரள ஆரம்பித்துவிட்டாள். சாமி குழிக்குள் எட்டிப் பார்த்து, "மிக்கேலு" என்றார். பாய் அசைந்தது. மூன்று நாள் தாடியோடு மிக்கேல் கண்ணைக் கசக்கிக்கொண்டு, "இப்பத்தானே சாமி கண் அசந்தேன், அதுக்குள்ளயா?" என்றான்.

இதில் யாரும் பெரிதாக ஆச்சரியப்படவில்லை என்பதைச் சொல்லிவிட வேண்டும். ஒரு வாரத்தில் ஒரு லயத்து வீடுகள் முழுக்கக் காலியானதைப் பார்த்த ஜனங்கள் அவர்கள். ஒருத்தன் சாகாமல் கிடந்தான் என்பது அவர்களுக்கு அவ்வளவு நம்பமுடியாத சங்கதியாகப் படவில்லை. என்ன காரணம் என்று மட்டும் கேட்டார்கள், அதுவும் இன்னொரு தடவை செய்யலாமா என்று தெரிந்துகொள்ளத்தான்.

"சாமி, அன்னிக்கி நான் ஆமென் சொல்லல. நான் சொல்லாததால யாருமே சொல்லல" என்றாள் மதலேனாள்.

"போடி பைத்தியக்காரி. சர்வேசுரன் அவ்வளவு சட்டம் பேசுறவரா?"

"நீங்க அவன் பேரைச் சொல்லி செபம் பண்ணுனீங்க. செபம் முடியல. முடியாத செபத்துக்குள்ள கெடக்கிறவன் எப்படி சாமி சாவான்?"

சாமி ஒரு சிட்டிகைப் பொடியை எடுத்து, உறிஞ்சாமல் விரலிலேயே வைத்துக்கொண்டு குழியைப் பார்த்தார். மிக்கேலோ, லாரி வருவது நிற்கிற வரைக்கும் உள்ளேயே இருக்கிறேன், எனக்கு ஒரு குறையும் இல்லை, பசிகூட இல்லை என்று சொல்லி, பாயை உதறிப் போட்டுக்கொண்டு மறுபடி படுத்துவிட்டான். இன்னொரு தடவை செபம் பண்ணினார்கள். இந்தத் தடவை ஊர் மொத்தமும் ஆமெனை விழுங்கியது.

அப்படி ஆரம்பித்ததுதான். லிஸ்ட் வரும், லிஸ்டில் இருக்கிறவனுக்குக் காய்ச்சல் வரும், மறுநாள் ஒப்பாரி கேட்கும். வேதக்காரன்தான் என்று இல்லை. முனியாண்டி கோயில் பூசாரி தன் ஒரே மகனைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து, "சாமி, இவனுக்கு ஞானஸ்நானம் கீனஸ்நானம் வேண்டாம், குழி மட்டும் போதும்" என்றார். "பெத்தவ வச்ச பேரைச் சொல்லு, அதைச் சொல்லிக் கூப்பிட்டுக்கறேன்" என்றார் சாமி. டவுனில் சீனர்களை வரிசையாக நிறுத்திச் சுட்டுத் தள்ளின சமயத்தில் மளிகைக் கடை ஆ சூன் புதருக்குள் ஒளிந்து ஒளிந்து வந்து சேர்ந்தான்; அவனுக்கும் ஒரு குழி வெட்டினார்கள். அவனுக்கு யார் ஒப்பாரி வைப்பது என்று கொஞ்சம் குழப்பம். பிறகு பொம்பிளைகள் எல்லோருமாகச் சேர்ந்து, 'கருவாடு நிறுத்துத் தந்த கை எங்கே, காய்ஞ்ச மிளகா அள்ளித் தந்த கை எங்கே' என்று வைத்த ஒப்பாரியில், கருவாட்டையும் மிளகாயையும் கண்ணால் பார்த்து ஒரு வருஷமாகிறது என்ற ஞாபகம் வந்து, நிஜமாகவே எல்லோருக்கும் கண்ணீர் வந்துவிட்டது.

கல்லறைத் தோட்டம் ஊரின் இன்னொரு லயம் போல ஆகிவிட்டது. அந்தக் குழிகளின் மண் எந்நேரமும் கதகதவென்று இருந்ததால் கோழிகள் அங்கே போய் முட்டையிட்டன. மழைக் காலத்தில் பெண்கள் கிழங்கு வற்றலை அந்த மண்மேட்டின் மேல்தான் காயப் போட்டார்கள். உள்ளே கிடப்பவர்களின் தலைமயிர் மண்ணைத் துளைத்துக்கொண்டு புல்லாக மேலே வந்தது. கன்னங்கரேலென்ற அந்தப் புல்லை நாவிதர் வைரவன் பதினைந்து நாளைக்கு ஒரு தடவை போய் வெட்டிவிட்டு, "மிக்கேலுக்கு நரை விழுதுப்பா" என்று வந்து சொல்வார். காதை வைத்துக் கேட்டால் குறட்டை கேட்கும். பெண்டாட்டிகள் போய் உட்கார்ந்து, பிள்ளைக்குப் பல் முளைத்ததையும் மாமியார் பேசின பேச்சையும் சொல்லிவிட்டு, இந்த மனுஷன் எதிர்த்துப் பேசாமல் கேட்கிறது இதுதான் முதல் தடவை என்று சொல்லிக்கொண்டே முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு வருவார்கள்.

ஒரே ஒரு பயம்தான் எல்லோருக்கும். பிறந்ததிலிருந்து பழகின வாய், எங்கேயாவது தவறி ஆமென் சொல்லிவிட்டால்? கல்லறையில் சொன்னால்தானே, பேர் சொல்லிப் பண்ணின செபத்துக்குச் சொன்னால்தானே என்று சாமி எவ்வளவோ எடுத்துச் சொன்னார். "எதுக்கும் இருக்கட்டும் சாமி" என்றது ஊர். சாப்பாட்டுச் செபத்தில் நிறுத்தினார்கள், செபமாலையில் நிறுத்தினார்கள், கடைசியில் ஞாயிற்றுக்கிழமைப் பூசையிலும் ஆமென் நின்றுபோனது. சாமி ஒவ்வொரு செபத்தையும் முடித்துவிட்டு ஒரு நிமிஷம் நிற்பார், கோயில் கப்சிப்பென்று இருக்கும், அடுத்த செபத்துக்குப் போய்விடுவார். அவருக்கே அது பழகிவிட்டது. அந்தப் புண்ணியவான் மேலே காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார், பாவம், என்று மதலேனாள் நினைத்துக்கொள்வாள்.

சந்தியாகுவின் பெயர் பெரிய வியாழனுக்கு மறு வாரம் வந்தது. அதுவரைக்கும் பதினாலு பேர் உள்ளே போயிருந்தார்கள். சந்தியாகுவுக்கு இருட்டு என்றால் பயம். கல்யாணமாகிப் பதினோரு வருஷமாகச் சின்ன விளக்கு இல்லாமல் தூங்கினதில்லை. குழி ஓரத்தில் நின்றுகொண்டு வெற்றிலைக்கு அடம் பிடித்தான், பாய் சரியில்லை என்றான், மண்ணில் எறும்பு இருக்கிறது என்றான். மதலேனாளுக்குக் கோபம் வந்துவிட்டது.

"ஊர்ல பதினாலு பேரு வாயைத் திறக்காமப் படுத்திருக்கான், நீ மட்டும் பொண்ணுப் பார்க்க வந்தவன் மாதிரி நொட்டை சொல்லிக்கிட்டு நிக்கிற. போயித் தூங்கிட்டு வாய்யா."

"எம் பயம் அது இல்ல மதலேனு." அவன் குரலை இறக்கினான். "உன் வாய்தான். மத்தவளுக எல்லாம் முணுமுணுப்பாளுக. நீ வாய் தவறிட்டா நான் எழுந்திரிக்கவே மாட்டேனே."

"சத்தியமா சொல்ல மாட்டேன்யா."

"எந்தலையில அடிச்சுச் சொல்லு."

அவள் அவன் தலையில் கையை வைத்தாள். அவன் வெற்றிலையை வாயில் அதக்கிக்கொண்டு படுத்தான். செபம் நடந்த நேரம் முழுக்க அவள் முந்தானையைச் சுருட்டி வாய்க்குள் அடைத்துக்கொண்டு நின்றாள்.

அதற்கப்புறம் தினமும் காலையில் கிழங்குத் தோட்டத்து வேலைக்கு முன்னால் கல்லறைக்குப் போவாள். வைரவனைக்கூடத் தொடவிடாமல் தானே கத்திரிக்கோலால் வெட்டி, ஓரம் கட்டி, தண்ணீர் தெளித்து, கையால் ஒழுங்குபடுத்திவிடுவாள். பதினைந்து மேட்டிலும் சந்தியாகுவின் மேடுதான் பார்க்க லட்சணமாக இருந்தது. அவனும் அவளிடம் சீப்பு வாங்கித் தலைவாரிக்கொள்கிற ஆள்தான் எப்போதும்.

பத்து மாசத்தில் ஒரு சின்னத் தோட்டத்தில் பதினைந்து வாலிப ஆம்பிளைகள் செத்தார்கள் என்ற கணக்கு டவுனில் யாருக்கோ இடறியிருக்கிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமை கண்ணாடி போட்ட ஒரு ஜப்பான் ஆபீசர் வந்து, கோயில் வாசலில் தொப்பியைக் கழற்றிவிட்டுப் பூசை முடியும் வரை நின்றான், ஒன்றும் பேசாமல் போனான். எல்லோரும் அப்பாடா என்று மூச்சு விட்டார்கள். மறுநாள் காலை பத்து மணிக்குப் பன்னிரண்டு பட்டாளத்தான்களோடும் மண்வெட்டிகளோடும் அவன் கல்லறைக்கு வந்தான், ஊரையே கூப்பிட்டு நிறுத்தினான். மலாய் மொழியில் மெதுவாகப் பேசினான்; மலாய் எல்லோருக்கும் தெரியும்.

"எங்கம்மா வேதக்காரி. எங்க ஊர்ல வேதக்காரங்க எத்தனையோ தலைமுறையா ஒளிஞ்சு ஒளிஞ்சு செபம் பண்ணினவங்க. கோயில் இல்ல, குருவானவர் இல்ல, பாதிச் செபம் மறந்துபோச்சு. ஆமென் மட்டும் மறக்கல. நேத்து உங்க கோயில்ல ஒரு மணி நேரம் நின்னேன். ஒருத்தர்கூட ஆமென் சொல்லல. ஏன்?"

ஒரு கோழி கேறிக்கொண்டே அவன் காலைச் சுற்றிப் போனது.

"ஆமென் சொல்லாத வேதக்காரன் எதையோ ஒளிக்கிறான்" என்றான் அவன். "இந்தக் குழிக்குள்ள என்ன இருக்கு? துப்பாக்கியா? ஆளா? நான் பதினைஞ்சையும் தோண்டலாம். ஆனா நிஜமான கல்லறையைத் தோண்டினா எங்கம்மா என்னை மன்னிக்க மாட்டா. அதனால ஒண்ணு செய்யுங்க. ஒரு குழிமேல செபம் பண்ணுங்க. செத்தவனுக்குச் சொல்ற மாதிரி நீங்க முடிச்சுச் சொன்னா நான் நம்பறேன், போயிடறேன்."

அவன் சுற்றிலும் பார்த்தான். பதினைந்து மேடுகளில் புல் ஒழுங்காக வெட்டி, ஓரம் கட்டி, அன்றைக்குக் காலையில்தான் தண்ணீர் தெளித்திருந்த மேடு ஒன்றுதான். அதைக் கை காட்டினான்.

ஐயோ, அவள் கை ஒரு நாள் சும்மா இருந்திருக்கக் கூடாதா!

சாமி புத்தகத்தைத் திறந்தார். சந்தியாகு என்று பெயரைச் சொன்னார். அந்த லத்தீன் செபத்தை அவர் அதற்கு முன்னும் பின்னும் அவ்வளவு மெதுவாகச் சொன்னதில்லை. வார்த்தைக்கு வார்த்தை இருமினார், பக்கத்தைத் தவறவிட்டுத் தேடினார், மழையாவது வருமா என்று வானத்தைப் பார்த்தார், தும்மல்கூட வரவில்லை. மதலேனாள் சுற்றி நின்ற முகங்களைப் பார்த்தாள். மிக்கேலின் பெண்டாட்டி இடுப்புப் பிள்ளையை இறுக்கிக்கொண்டிருந்தாள். பூசாரி கையெடுத்துக் கும்பிட்டபடி நின்றார், முனியாண்டியையா சேசுவையா என்று அவருக்கே தெரியாது. பட்டாளத்தான்கள் மண்வெட்டியை ஆளுக்கொரு குழிப்பக்கம் வைத்துக்கொண்டு நின்றார்கள். தோண்டினால் பதினைந்து பேரையும் குத்திப் போடுவார்கள், அதற்கப்புறம் ஊரை. அவளுக்குக் காலடியில் மண் கதகதவென்று இருந்தது. கீழே அவன் குறட்டை விட்டுக்கொண்டிருந்தான், அது பாதம் வழியாக அவளுக்குத் தெரிந்தது.

செபம் முடிந்தது. ஒன்றும் இல்லை. எல்லோரும் மதலேனாளின் வாயைப் பார்த்தார்கள்.

ஆபீசர் கையைத் தூக்கினான். சாமி புத்தகத்தைக் கீழே போட்டுவிட்டு, "என்னைச் சுடு, நான்தான்" என்று சொல்ல வாயெடுத்தார்.

"ஆமென் சேசு!" என்றாள் மதலேனாள்.

கோயில் கூரையை அதிர வைத்த அந்தப் பழைய குரல். பத்து மாசமாக அந்தக் குரலைக் கேட்காத அத்தனை வாயும், என்ன ஏது என்று நினைப்பதற்குள், பழக்க தோஷத்தில் அவள் பின்னாலேயே "ஆமென் சேசு" என்று சொல்லிவிட்டன. சொன்ன பிறகுதான் ஒவ்வொருவராக வாயைப் பொத்திக்கொண்டார்கள். ஆபீசரும் சிலுவை போட்டுக்கொண்டு மெல்ல அதே சொல்லைச் சொன்னான். அந்தச் சொல் ஒன்று மட்டும் அவன் பாஷையிலும் அதேதான்.

"நல்ல குரல்" என்று அவளிடம் சொன்னான். "எங்கம்மாவுக்கும் இப்படித்தான்." தொப்பியைப் போட்டுக்கொண்டான். மண்வெட்டிகள் லாரியில் ஏறின, பாலத்தைத் தாண்டிப் போய்விட்டன.

யாரும் வீட்டுக்குப் போகவில்லை. மதலேனாள் குனிந்து உள்ளங்கையை மண்ணில் வைத்தாள். முதலில் சூடு ஓரத்திலிருந்து போனது, பிறகு நடுவிலிருந்து. கொஞ்ச நேரத்தில் அது வெறும் மண். காதை வைத்தாள், எழுந்து இடம் மாற்றி வைத்தாள். சாமி அவள் பக்கத்தில் முட்டிபோட்டு, "நான் சொல்லியிருக்கணும்டி, அந்தப் பாவத்தை நான் எடுத்திருக்கணும்" என்று குழந்தை மாதிரி விம்மினார்.

"நீங்க சொன்னா யாரு சாமி உங்க பின்னால சொல்லப்போறா" என்றாள் அவள். அப்புறம்தான் அழுதாள். தலையில் அடித்துச் சத்தியம் வாங்கினானே பாவி, தலையில் அடித்து வாங்கினானே என்று மண்ணை அள்ளி அள்ளிப் போட்டுக்கொண்டு அழுதாள். அதுவரைக்கும் ஒத்தப்பாலத்தில் வைத்த பதினைந்து ஒப்பாரியும் பொய். இதைக் கேட்க முடியாமல் ஜனங்கள் காதைப் பொத்திக்கொண்டார்கள். ஒரு வாரத்தில் அந்தக் கருப்புப் புல் காய்ந்து காற்றில் போய்விட்டது. அதற்கப்புறம் எந்தக் கோழியும் அந்த மேட்டில் ஏறவில்லை.

சண்டை முடிந்த செய்தி அடுத்த வருஷம் வந்தது. சாமி ஒவ்வொரு குழியாகத் தோண்டச் சொல்லிப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். மிக்கேல் நரைத்த தலையோடும், பூசாரி மகன் மீசையோடும், ஆ சூன் கடைச் சாவியைக் கையில் பிடித்தபடியும், பதினாலு பேரும் கொட்டாவி விட்டுக்கொண்டே எழுந்து வந்தார்கள். ஊர் கொண்டாடவில்லை. பதினைந்தாவது மேட்டின் முன்னால் மதலேனாள் ஒரு வேட்டியை மடித்துக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். சாமி அவளைப் பார்க்காமல், "சந்தியாகு" என்று கூப்பிட்டார். இன்னொரு தடவை கூப்பிட்டார். மூன்றாவது தடவை கூப்பிடப் போனவரை, "விடுங்க சாமி, அவரைத் தொந்தரவு பண்ணாதீங்க" என்று அவள் தடுத்தாள்.

அதற்கப்புறம் முப்பத்தோரு வருஷம் இருந்தாள். சாமி போனார், புதுச் சாமிமார் வந்தார்கள், பூசை தமிழில் ஆனது. அவள் கோயிலுக்கு வருவாள், முன்வரிசையில் உட்காருவாள், ஆமென் மட்டும் சொல்ல மாட்டாள். பதினாலு வீட்டிலிருந்தும் அவளுக்குச் சோறு போகும். பண்டிகைக்குப் புடவை போகும். ஆ சூன் கருவாடு கொண்டுபோய் வைத்துவிட்டு அவள் முகத்தைப் பார்க்காமல் திரும்பி வருவான். யாராலும் அவள் முகத்தை நேராகப் பார்க்க முடியவில்லை. அவளோ எல்லோரிடமும் நன்றாகத்தான் பேசினாள்.

சாகிறதற்கு முன்னால் பதினாலு பேரையும் கூப்பிட்டனுப்பினாள். அதற்குள் எல்லோரும் கிழவர்கள்.

"எனக்குத் தெரியும்டா உங்க புத்தி. என்னைப் பொதைக்கும்போது வாயை மூடிக்கிட்டு நின்னு, இழுத்துப் பிடிச்சு வைக்கலாம்னு நெனைப்பீங்க. அப்படிச் செஞ்சீங்க, தொலைச்சுப்புடுவேன். அந்த மனுஷன் அங்க இருட்டுல தனியாக் கெடக்கு. முடிச்சு அனுப்புங்க."

சந்தியாகுவின் பக்கத்திலேயே அவளுக்குக் குழி வெட்டினார்கள். புதுச் சாமியார் சின்ன வயசுக்காரர், ஒன்றும் தெரியாது. மதலேனாள் என்று பெயரைச் சொல்லிச் செபத்தை முடித்துவிட்டுக் காத்திருந்தார். யாரும் எடுக்கவில்லை. எடுத்துவிடுகிறவள் குழிக்குள் இருந்தாள். மிக்கேல் வாயைத் திறந்து திறந்து மூடினார். பூசாரி மகன் வேட்டி முனையைக் கடித்துக்கொண்டு நின்றார். வெயில் ஏறியது, சாமியார் கடிகாரத்தைப் பார்த்தார், பிள்ளைகள் பெரியவர்கள் முகத்தைப் பார்த்தன. கடைசியில் ஞானஸ்நானமே வாங்காத ஆ சூன்தான், கன்னத்தில் தண்ணீர் ஓட ஓட, தனக்குத் தெரிந்த தமிழில், "ஆமென் சேசு அக்கா" என்றான். பிறகு ஒவ்வொருவராக மற்றவர்களும் சொன்னார்கள்.

பிரியமான ஒருத்தர்மேல் அந்த ஒரு சொல்லைப் போட பதினாலு ஆம்பிளைகளுக்கு ஒரு மணி நேரம் பிடித்தது. அவள் அன்றைக்கு ஒரே மூச்சில் சொல்லியிருந்தாள்.